இரவல் சக்கரங்கள்

சோரியாங்குப்பம் உலகநாதன் ஒரு வண்டியை எடைபோட வேண்டுமென்றால் இன்ஜினைப் பார்க்க மாட்டார், சீட்டைப் பார்க்க மாட்டார். நேராகக் குனிந்து டயரைத்தான் பார்ப்பார், மாடு வாங்குகிறவன் பல்லைப் பார்க்கிற மாதிரி. கரும்பு விவசாயி அல்லவா! டிராக்டரோடும் டிரெய்லரோடும் மல்லுக்கட்டியே தலை நரைத்தவர். டயர் பெரிதாக இருந்தால் எந்தச் சேற்றிலும் ஏறி வரும். காற்று கல்லு மாதிரி இருந்தால் எந்தப் பாரத்தையும் தாங்கும். டயர் சாஸ்திரத்தில் இதற்குமேல் தெரிந்துகொள்ள ஒன்றுமில்லை என்பது அவருடைய தீர்ப்பு. அவர் தீர்ப்புச் சொல்லிவிட்டால் அதற்கு அப்பீல் கிடையாது.

அதனால்தான் மனைவி விருத்தாம்பாளுக்காகப் பழைய கார் ஒன்று பார்க்கப் போனவர், நல்ல நல்ல கார்களையெல்லாம் தள்ளிவிட்டு, சக்கரம் பளபளத்த ஒன்றை ஓட்டிக்கொண்டு வந்து சேர்ந்தார். அதை முன்பு வைத்திருந்தவன் யாரோ இளவட்டம் போலிருக்கிறது. கம்பெனி கொடுத்த சக்கரங்களைக் கழற்றிப் போட்டுவிட்டு, பதினேழு இன்ச் அலாய் வீல் மாட்டி அழகு பார்த்திருந்தான். ரிம் பெரிது. அதைச் சுற்றி ரப்பர் பேருக்கு ஒரு பட்டை. உலகநாதனின் கண்ணில் ரிம் மட்டும்தான் பட்டது.

விருத்தாம்பாளுக்குப் போன வருஷம் முதுகுத்தண்டில் ஆபரேஷன் ஆகியிருந்தது. எழுந்து நடமாடும் அளவுக்குத் தேறிவிட்டாள். ஆனாலும் பஸ் ஏறக் கூடாது, டூவீலரில் பின்னால் உட்காரக் கூடாது, குலுங்காமல் காரில் போகலாம் என்று டாக்டர் சொல்லிவிட்டார். மாதக்கணக்கில் நாலு சுவரையே பார்த்துக்கொண்டு கிடந்தவளை நாலு இடத்துக்கு அழைத்துப் போக வேண்டும் என்கிற ஆசையில் வந்த கார் அது. நான்கு சக்கரத்துக்கும் எலுமிச்சம்பழம் வைத்து நசுக்கி, தெருவே நின்று பார்க்க, அவளே ஆரத்தி எடுத்தாள். "பொண்டாட்டிக்கோசரம் காரே வாங்கியாந்துட்டாம்பா" என்று யாரோ சொன்னது காதில் விழுந்ததும் அவள் முகம் சிவந்ததை உலகநாதன் பார்த்தார். கல்யாணத்தன்றுகூட அப்படிச் சிவந்ததாக அவருக்கு ஞாபகமில்லை.

அந்தக் குடும்பத்தில் பெண்கள் முன்சீட்டில் உட்காருகிற வழக்கம் இல்லை. முன்சீட்டு சம்பந்திக்கு, மச்சானுக்கு, பங்காளிக்கு. ஆண் துணை யாரும் இல்லாவிட்டால் தேங்காய்ப் பையாவது அங்கே ஜம்மென்று உட்கார்ந்து வருமே தவிர, விருத்தாம்பாள் பின்சீட்டில்தான். முதல் சில பயணங்கள் நன்றாகவே போயின. கண்ணாடியில் பார்த்தால் அவள் கண்ணை மூடிக்கொண்டு சாய்ந்திருப்பாள். சொகுசாகத் தூங்கி வருகிறாள் என்று உலகநாதனுக்குத் தலைகால் புரியாத சந்தோஷம்.

அப்புறம் அவள் மெல்ல மெல்லக் கழன்றுகொள்ளத் தொடங்கினாள். கேட்டால், "கார் வாடை ஒத்துக்கலைங்க, வயித்தப் பொரட்டுது" என்பாள். முதலில் காரில் தொங்கிய சென்ட் பாட்டிலைப் பிடுங்கி எறிந்தார். சீட்டு உறைகளைத் துவைத்துக் காயவைத்தார். கையில் எலுமிச்சம்பழம் கொடுத்துப் பார்த்தார். ஒருநாள் உள்ளே ஊதுவத்தி கொளுத்தி வைத்து, அன்று அவருக்கே குமட்டியதுதான் மிச்சம். என்ன செய்தும் அவள் ஏறவில்லை. அந்தக் காரும் வாசலில் புளியமரத்து நிழலில் புதுமாப்பிள்ளை மாதிரி சும்மா நின்றது.

இதற்கிடையில் கார் பள்ளத்தில் இறங்கும்போதெல்லாம் அடிப்பக்கம் தரையில் தட்டுகிறது என்று அவருக்கு ஒரு குறை. மதகடிப்பட்டில் தனிஸ்லாஸ் என்று ஒரு டயர் கடைக்காரர். வில்லியனூர்ப் பக்கத்துக் கிறிஸ்தவர். உலகநாதனின் டிராக்டருக்கு எப்போதும் அவரிடம்தான் டயர். அவரிடம் போய், இதே ரிம்மில் இன்னும் உயரமான டயராகப் போடு என்றார். "வேணாண்ணே, இந்த வண்டிக்கு அது தாங்காது" என்றார் தனிஸ்லாஸ். "எனக்கே டயர் சொல்லிக் குடுக்கிறியா நீ?" என்றார் உலகநாதன். தனிஸ்லாஸ் ஒரு பெருமூச்சு விட்டு மாட்டிக் கொடுத்தார். காலகாலமாக வருகிற வாடிக்கையிடம் எத்தனை தடவைதான் மாட்டேன் என்று சொல்வது?

மாட்டியதிலிருந்து, பின்னால் ஆள் ஏறினால் சக்கரத்தின் மேலே டயர் உரசுகிற சத்தம். டிரெய்லரில் டயர் உரசினால் காற்று குறைவு என்று அர்த்தம். எனவே ஊர்ப் பஞ்சர் கடையில் நிறுத்தி, டயரைத் தட்டினால் கிண்ணென்று கேட்கிற மட்டும் காற்று அடித்தார். சத்தம் நின்றபாடில்லை.

இந்த நிலையில்தான் மகள் அர்ச்சனாவுக்கு வளைகாப்பு வந்தது. கரையாம்புத்தூரில் கட்டிக்கொடுத்த ஒரே பெண், அவளுக்கு இது தலைப்பிள்ளை. அம்மாக்காரி சீர்வரிசையோடு போய், முதல் வளையலைத் தன் கையால் பூட்டி, மகளைப் பிரசவத்துக்குத் தாய்வீட்டுக்கு அழைத்துக்கொண்டு வர வேண்டும். ஞாயிற்றுக்கிழமைக்கு நாள் குறித்தாயிற்று. வளையல்கள் வாங்கியாயிற்று. அந்த வாரத்தின் நடுவில், சோறு போட்டுக்கொண்டே விருத்தாம்பாள் சொன்னாள்: "ஒங்க தங்கச்சி தையலம்மாள இட்டுக்கினு போய்ட்டு வாங்க. அதுவே மொத வளையல் போடட்டும். நான் வூட்டுல இருந்து ஆரத்தி எடுத்து உள்ள கூப்டுக்கிறேன்."

உலகநாதன் எடுத்த கவளத்தைத் தட்டிலேயே போட்டார். "இன்னாடி பேசுற? பெத்தவ இருக்கச்சொல்ல அத்தைக்காரி போடுவாளா? சம்பந்தி வூட்ல இன்னா நெனப்பாங்க?"

"நெனச்சா நெனச்சிக்கினு போறாங்க. கார்ல வந்து வாந்தி எடுத்துக்கினு நிக்கச் சொல்றீங்களா?"

சொல்லிவிட்டு அவள் அந்தப் பக்கம் திரும்பிக்கொண்டாள். முந்தானையால் எதைத் துடைத்தாள் என்று அவர் பார்க்கவில்லை. அவருக்குக் கோபம். காரைக் கண்டாலே இவளுக்கு ஏன் இப்படி ஆகிறது என்று கோபம். இத்தனை ஆசையாக வாங்கியும் அவளுக்குப் பிடிக்கவில்லையே என்று அதைவிடப் பெரிய வருத்தம். தெருவே மெச்சிய காரை, யாருக்காக வாங்கினாரோ அவள் மட்டும் ஏறெடுத்துப் பார்க்க மாட்டேன் என்கிறாள்.

சனிக்கிழமை காலையில் எழுந்ததும் மதகடிப்பட்டுக்குக் காரை விட்டார். மனைவி வந்தாலும் வராவிட்டாலும் வாயும் வயிறுமாக இருக்கிற மகள் அந்தக் காரில்தானே வர வேண்டும்? அந்த உரசல் சத்தத்தையாவது நிறுத்திவிட வேண்டும் என்று எண்ணினார். தனிஸ்லாஸ் முதலில் காற்றை அளந்து பார்த்தார். பார்த்தவர், மீட்டரைத் தட்டி இன்னொரு தடவை பார்த்தார்.

"யாருண்ணே இவ்ளோ காத்து அடிச்சது?"

"நாந்தான். இன்னா இப்ப?"

"கரும்பா ஏத்தப் போறீங்க?" என்று சிரித்தார் தனிஸ்லாஸ். "வாங்க, ஒரு ரவுண்டு போய்ப் பாக்கலாம். நான் ஓட்டறேன். நீங்க பின்னாடி உக்காருங்க. பின்பக்கம் வெயிட்டு ஏறினாத்தான் எங்க உரசுதுன்னு தெரியும்."

அந்தக் கார் வாங்கிய நாளிலிருந்து உலகநாதன் அதன் பின்சீட்டில் உட்கார்ந்ததே இல்லை. உட்கார என்ன அவசியம்? ஓட்டுகிறவர் அவர். இப்போது ஏறி, விருத்தாம்பாள் வழக்கமாக உட்காரும் அந்த இடது ஓரத்தில், தற்செயலாகத்தான், உட்கார்ந்தார்.

கடைக்குப் பின்னால் டிராக்டர்கள் உழுது போட்ட ஒரு பாதை இருந்தது. முதல் பள்ளத்தில் சக்கரம் இறங்கியதும் இடுப்பில் ஓர் அடி விழுந்து பிடரி வரைக்கும் ஏறியது. உலகநாதன் மேலே இருந்த கைப்பிடியைத் தேடிப் பிடித்தார். அடுத்த பள்ளம். அடுத்தது. இரும்புக் கட்டிலில் உட்கார வைத்து நாலு பேர் தூக்கித் தூக்கிப் போடுவதுபோல் இருந்தது. இத்தனைக்கும் மூட்டை தூக்கிப் பழகிய உடம்பு அவருடையது. எந்த டாக்டரும் கத்தி வைக்காத முதுகு.

"கேக்குதாண்ணே? தோ, இப்ப உரசிச்சி பாருங்க" என்றார் முன்னாலிருந்து தனிஸ்லாஸ்.

உலகநாதனுக்கு ஒரு சத்தமும் கேட்கவில்லை. கண்ணாடியில் பார்த்த முகம்தான் கண்முன் நின்றது. கண்ணை மூடிக்கொண்டு, பல்லைக் கடித்துக்கொண்டு சாய்ந்திருந்த முகம். தூங்குகிறாள் என்று நினைத்து, தூக்கம் கலையக் கூடாதே என்று பாட்டின் சத்தத்தைக்கூட அவர் குறைத்திருக்கிறார்!

"நிறுத்துபா" என்றார். "வண்டிய நிறுத்து தனிஸ்லாசு."

இறங்கி, வரப்பில் உட்கார்ந்துவிட்டார். தனிஸ்லாஸ் பயந்துபோய்த் தண்ணீர் பாட்டிலோடு ஓடிவந்தார். கொஞ்ச நேரம் கழித்து உலகநாதன் எல்லாவற்றையும் சொன்னார். ஆபரேஷன், கார் வாடை, எலுமிச்சம்பழம், நாளைய வளைகாப்பு, வரமாட்டேன் என்ற விருத்தாம்பாள் என்று ஒன்று விடாமல் கொட்டினார். "வாடையும் இல்ல, ஒரு மண்ணும் இல்லபா. வலிய முழுங்கிக்கினு வந்திருக்கா. நான் ஒரு மடையன், சென்ட் பாட்டில் தேடிக்கினு இருந்திருக்கேன்."

"மடையன் நீங்க மட்டும் இல்லண்ணே" என்றார் தனிஸ்லாஸ். "யார் உக்கார்றாங்க, எதுக்குன்னு நான் ஒரு வார்த்த கேட்டிருக்கணும். டிராக்டர்காரரு, அவருக்குத் தெரியாததான்னு வுட்டுட்டேன்."

கடைக்குத் திரும்பியதும் ஓட்டுநர் பக்கக் கதவைத் திறந்து, சட்டத்தில் கம்பெனி ஒட்டியிருந்த ஸ்டிக்கரைக் காட்டினார். எந்த டயர், எவ்வளவு காற்று எல்லாம் அதில் இருந்தது. 175/65 R15. கதவைத் தினமும் திறந்து மூடிய உலகநாதன் அதைப் படித்ததில்லை.

"கடைசி நம்பரு ரிம்மு. பதினஞ்சி இன்ச்சு. நடுவுல இருக்கிற அறுபத்தஞ்சிதான் நமக்கு வேண்டியது. ரப்பரோட ஒசரம், அகலத்துல நூத்துக்கு அறுபத்தஞ்சி பங்கு. ஒங்க கார் வரச்சொல்ல இருந்தது வெறும் நாப்பது. மொத்தத்துல சக்கரத்தோட ஒசரம் மாறக் கூடாதுண்ணே. மாறுனா உரசும், ஸ்பீடு மீட்டரும் பொய் சொல்லும். அதுக்குள்ள இரும்பு பெருசானா ரப்பரு கொறையும். ரப்பரும் அதுக்குள்ள இருக்கிற காத்தும்தான் மெத்தை. மொதல்ல வெச்சிருந்தவன் மெத்தைய எடுத்துட்டுக் கட்டிலப் பெருசு பண்ணிட்டான். அப்பறமா நீங்க பெரிய கட்டில்மேல பெரிய மெத்தையப் போட்டீங்க, கதவு மூட மாட்டேங்குது. அதுலயும் காத்த அடிச்சி அடிச்சி மெத்தையையே கல்லாக்கிட்டீங்க."

"செரி, பதினஞ்சே போடு. இப்பவே போடு."

தனிஸ்லாஸ் தலையைச் சொறிந்தார். டயர் இருந்தது, இந்தக் காருக்குப் பொருந்துகிற ரிம் இல்லை. நட்டு விழுகிற ஓட்டையெல்லாம் காருக்குக் கார் வேறு. சொல்லிவிட்டால் ரிம் செவ்வாய்க்கிழமை வந்துவிடும். "நாளைக்கி வளைகாப்புபா" என்று உலகநாதன் சொன்னபோது, அதட்டல் உருட்டலெல்லாம் போய், வெறும் கெஞ்சல் மட்டும்தான் அதில் இருந்தது.

தனிஸ்லாஸ் வெளியே பார்த்தார். வேப்பமரத்தடியில் அவருடைய மனைவி அன்னாமேரியின் கார் நின்றது. அதே கம்பெனி, அதே மாடல், கம்பெனி போட்ட அதே பதினைந்து இன்ச் சக்கரம். டயர்கூடப் போன மாதம்தான் மாற்றியது. அவர் போனை எடுத்து வீட்டுக்குப் பேசினார். விஷயத்தைச் சொல்லி முடிப்பதற்குள் அந்தப் பக்கத்திலிருந்து வந்த குரல் உலகநாதனுக்கே கேட்டது.

"கழட்டிக் குடுய்யா, இதுக்குப் போய் போன் பண்ணிக்கினு! நாளைக்கிப் பூசைக்கு ஸ்கூட்டர்ல போனா ஆண்டவரு இன்னா கோச்சிக்கவா போறாரு? அந்த அண்ணங்கிட்ட சொல்லு, இனிமேலாச்சும் வாரத்துக்கு ஒருக்கா பின்னாடி உக்காந்து பாக்கச் சொல்லு. எல்லா ஆம்பளைங்களும் ஒரு தபா உக்காந்து பாக்கணும்."

உலகநாதன் போனைப் பார்த்துக் கையெடுத்துக் கும்பிட்டார். அன்னாமேரிக்கு அது தெரியாது என்பதுகூட அந்த நேரத்தில் அவருக்குத் தோன்றவில்லை.

ஒரு மணி நேரத்தில் வேலை முடிந்தது. அன்னாமேரியின் கார் மரக்கட்டைகள்மேல் சக்கரமில்லாமல் நின்றது. பளபளத்த அலாய் வீல்கள் கடை ஓரத்தில் கிடந்தன. காற்றை அந்த ஸ்டிக்கரில் போட்டிருந்த அளவுக்கு ஒரு புள்ளி கூடாமல் குறையாமல் வைத்தார் தனிஸ்லாஸ். "டயர் கொஞ்சம் பிதுங்கினாப்ல இருக்கே" என்று வாய் வரைக்கும் வந்ததை உலகநாதன் அப்படியே விழுங்கிக்கொண்டார். பிறகு, "தனிஸ்லாசு, கொஞ்சம் நீ ஓட்டு" என்று சொல்லிவிட்டுத் தானே போய்ப் பின்சீட்டில் ஏறினார். அதே பாதை, அதே பள்ளங்கள். இந்தத் தடவை அவர் கைப்பிடியைத் தேடவில்லை.

வீட்டுக்கு வந்தபோது விருத்தாம்பாள் தட்டுகளில் சீர் அடுக்கிக்கொண்டிருந்தாள். பச்சையும் சிவப்புமாகக் கண்ணாடி வளையல்கள் ஒரு தட்டில். தான் போடப் போகாத வளையல்களை அவ்வளவு அழகாக அடுக்கியிருந்தாள். உலகநாதன் எதிரில் உட்கார்ந்தார்.

"இன்னைக்கி நான் பின்னாடி உக்காந்து போனேன்."

"எதுல?"

"நம்ப கார்ல. நீ உக்கார்ற எடத்துல."

வளையல்மேல் இருந்த அவள் கை நின்றது.

"ஏண்டி எங்கிட்ட சொல்லல?"

"இன்னான்னு சொல்லுவேன்?" என்றாள் விருத்தாம்பாள். கண்ணில் நீர் கட்டிவிட்டது. "எனக்கோசரம் வாங்கியாந்தீங்க. கொழந்தைக்கித் தொடைக்கிற மாதிரி தெனமும் தொடைக்கிறீங்க. எங்கூட்டுக்காரர் வாங்கிக் குடுத்ததுன்னு நானே தெருவெல்லாம் பேசியாச்சி. அதுல உக்காந்தா உசுரு போவுதுன்னு எந்த வாயால சொல்றது? கார் வாடைன்னு சொன்னா பழி என் வயித்தோட போயிடும். ஒங்க மனசு நோவாது."

"பைத்தியக்காரி" என்றார் உலகநாதன். இத்தனை வருஷம் கூட இருந்தவள், தன் சந்தோஷம் கெடக் கூடாது என்று தன் முதுகையே அடகு வைத்திருக்கிறாள். இவளைக் கொடுத்த தெய்வத்துக்கு எந்தக் கோயிலில் போய் நன்றி சொல்வது என்று அவருக்குத் தெரியவில்லை. தட்டிலிருந்து சரிந்த ஒரு வளையலை எடுத்து மறுபடி அடுக்கினார். கோணலாகத்தான் அடுக்கினார். அவள் அதைச் சரி செய்யவில்லை.

மதகடிப்பட்டில் நடந்ததையெல்லாம் கேட்ட பிறகு, "யாரு வூட்டு டயரோ, யாருக்கு ஓடணும்னு இருக்குது பாருங்க" என்றாள். கூடவே பயமும் இருந்தது. "நாளைக்கி வந்து பாக்கிறேன். முடியலன்னா பாதியில எறக்கி வுட்டுடணும்."

ஞாயிற்றுக்கிழமை காலையில் உலகநாதன் முன்கதவைத் திறந்து பிடித்தார். முன்னால் ஆட்டம் குறைவு என்று தனிஸ்லாஸ் சொல்லியிருந்தார். விருத்தாம்பாள் அந்தச் சீட்டைப் பார்த்தாள், அவரைப் பார்த்தாள், சிரித்துவிட்டாள். "சம்பந்தி வூட்டு வாசல்ல முன்சீட்லேருந்து எறங்குனா நல்லாவா இருக்கும்?" என்று பின்னால் போய்த் தன் இடத்தில் உட்கார்ந்தாள். பக்கத்தில் தையலம்மாள் சீர்த்தட்டோடு ஏறினாள். முன்சீட்டில் வழக்கம்போல் தேங்காய்ப் பை.

ஊர் எல்லையில் ரோடு பெயர்ந்து கிடக்கும் இடம் வந்தது. உலகநாதனின் ஒரு கண் ரோட்டில், ஒரு கண் கண்ணாடியில். அவள் மூச்சைப் பிடித்துக்கொண்டு, இரண்டு கையையும் சீட்டில் ஊன்றி, கண்ணை இறுக்கி மூடியிருந்தாள். கார் இறங்கி ஏறியது. ஒரு தடவை மெல்ல அசைந்தது.

"பள்ளம் வந்துடுச்சா?" என்றாள் கண்ணைத் திறக்காமலே.

"போயே போச்சி."

அவள் திரும்பிப் பின்கண்ணாடி வழியாகப் பார்த்தாள். பள்ளம் தூரத்தில் கிடந்தது. "மெய்யாலுமேவா?" என்று கேட்டவள் அப்புறம் சன்னலைத் திறந்துவிட்டு, வழியெல்லாம் கரும்பைப் பார்த்துக்கொண்டு வந்தாள். யார் வயல் எப்படி இருக்கிறது, யார் எங்கே புதுவீடு கட்டுகிறார்கள் என்று தையலம்மாளைக் கேட்டுக் கேட்டுத் துளைத்தாள். உலகநாதன், இந்நேரம் ஸ்கூட்டரில் பூசைக்குப் போய்க்கொண்டிருக்கும் அன்னாமேரியை நினைத்துக்கொண்டார். முகம் பார்த்திராத அந்தப் பெண்மணி நன்றாக இருக்க வேண்டும், அவள் பிள்ளைகுட்டிகள் நன்றாக இருக்க வேண்டும் என்று மனசார வேண்டிக்கொண்டார்.

கரையாம்புத்தூரில் அம்மா காரிலிருந்து இறங்குவதைப் பார்த்த அர்ச்சனா, வளைகாப்புப் பெண் என்பதையும் மறந்து வாசலுக்கு வந்துவிட்டாள். அம்மா வருகிறாள் என்று அப்பா போனில் சொன்னதை அவள் நம்பவில்லையாம். முதல் வளையலை விருத்தாம்பாள்தான் பூட்டினாள். மகளின் இரண்டு கையும் நிறைந்து குலுங்கியபோது அவள் அழுதாள், சம்பந்தியம்மாளும் அழுதாள். ஓரமாக நின்ற உலகநாதன், பக்கத்திலிருந்தவர் கேட்காமலே கண்ணில் தூசி என்று விளக்கம் சொன்னார். சாப்பாடு முடிந்ததும் விருத்தாம்பாள் ஒரு தூக்குவாளியில் சர்க்கரைப் பொங்கலும் முறுக்கும் தனியாகக் கட்டிவைத்தாள். "மதகடிப்பட்டு அம்மாவுக்கு. சக்கரத்தக் குடுக்கப் போவச்சொல்ல நானும் வரேன்" என்றாள்.

சாயங்காலம் நல்ல நேரத்தில் புறப்பட்டார்கள். பின்சீட்டில் அம்மாவுக்கும் அத்தைக்கும் நடுவில் அர்ச்சனா. ஊர் தாண்டுவதற்குள் அம்மாவின் தோளில் சாய்ந்து தூங்கிவிட்டாள். உலகநாதன் கண்ணாடியில் பார்த்தார். இந்தத் தடவை ஏமாறக் கூடாது என்று நன்றாக, கவனமாகப் பார்த்தார். மகள் தூங்கிக்கொண்டிருந்தாள். விருத்தாம்பாள் கண்ணைத் திறந்தே வைத்திருந்தாள். வலிக்கிறதா என்று கேட்க வாயெடுத்தார்.

அதற்குள் அவள் முன்னால் குனிந்து, மகள் விழித்துவிடாதபடி மெதுவாகக் கேட்டாள்: "ஏங்க, நேரா வூட்டுக்குத்தான் போவணுமா? பாகூர் ஏரியப் பாத்து எவ்ளோ நாளாச்சி. வெளக்கு வெக்கிறதுக்குள்ள வூடு சேந்துடலாம் இல்ல? அப்படியே கொஞ்சம் சுத்திக்கினு போலாமா?"

உலகநாதன் இண்டிகேட்டரைப் போட்டு, காரை ஏரிக்கரைப் பக்கம் திருப்பினார்.